பாக்யராஜ் படம் போட்டால் மொட்டை மாடியில் வரும் கேள்விகள்

எங்கள் குடியிருப்பின் மொட்டை மாடியில் மாதத்துக்கு ஒரு பழைய படம் போடுகிறோம். திரை என்பது இரண்டு எட்டு முழ வேட்டிகளைச் சேர்த்துத் தைத்தது. ப்ரொஜெக்டரைத் தூக்கிக்கொண்டு மூன்று மாடி ஏறுவது என் வேலை. படம் முடிந்ததும் கேள்விகளுக்குப் பதில் சொல்வதும் என் தலையில் விழுந்தது. சில மாதங்களாக கே. பாக்யராஜ் படங்கள் ஓடுகின்றன. எழுதி, இயக்கி, தானே நடித்தவர் என்பதால் சந்தேகங்களும் மூன்று மடங்கு. ஒரே கேள்வி வேறு வேறு வாயிலிருந்து திரும்பத் திரும்ப வருவதால் இங்கே எழுதிவைக்கிறேன். கேட்டவர்கள் கேட்டபடியே விட்டிருக்கிறேன்.

அங்கிள், பாக்யராஜ்னா சாந்தனுவோட அப்பாதானே? அவர் நடிகரா, டைரக்டரா?

சாந்தனுவின் அப்பாதான். 1953-ல் பிறந்தவர். சொந்த ஊர் கோபிசெட்டிபாளையம் பக்கம் வெள்ளாங்கோயில். அவர் பேச்சில் அந்தக் கொங்கு வாடை போகவே இல்லை.

நடிகரா டைரக்டரா என்றால், முதலில் எழுத்தாளர் என்பேன். தான் எழுதிய ஆளைத் திரையில் கொண்டுவர டைரக்டர் ஆனார். அந்த ஆளாக நிற்க வேறு யாரும் பொருந்தாததால் நடிகரும் ஆனார். இந்த வரிசை என் கணிப்புதான், ஆனால் கீழே வரும் பல பதில்கள் இதை வைத்துத்தான் நிற்கின்றன.

பாரதிராஜாகிட்ட இருந்தவர்னு சொல்றாங்க. அங்க என்ன பண்ணினார், கிளாப் அடிச்சாரா?

கிளாப்பும் அடித்திருப்பார். 1977-ல் வந்த '16 வயதினிலே'வில் உதவி இயக்குநர். அதிலேயே ஒரு சின்ன வேடத்திலும் தலைகாட்டுவார். அடுத்த வருஷம் 'கிழக்கே போகும் ரயில்'. அதே 1978-ல் 'சிகப்பு ரோஜாக்கள்' படத்துக்கு வசனம் அவர்தான். கிராமத்துப் படமாக இரண்டு எடுத்துவிட்டு பாரதிராஜா திடீரென்று நகரத்துக் கொலைகாரன் கதைக்குத் தாவியபோது, பேனா இந்த உதவியாளர் கையில் இருந்தது. உதவி இயக்குநர் என்றால் காபி வாங்கி வருபவர் என்று நினைப்பவர்களுக்காக இதைச் சொல்கிறேன்.

1979-ல் 'புதிய வார்ப்புகள்'. குருவே சிஷ்யனைக் கதாநாயகனாக்கினார். கிராமத்துக்கு வரும் பள்ளிக்கூட வாத்தியார் வேடம். எதிரே ரதி அக்னிஹோத்ரி. வசனமும் பாக்யராஜுடையதே.

அந்தப் படத்துல அவர் குரலே இல்லைன்னு எங்க மாமா சொல்றார். கதை விடறாரா?

மாமா சரியாகத்தான் சொல்கிறார். 'புதிய வார்ப்புகள்' படத்தில் பாக்யராஜுக்குக் குரல் கொடுத்தவர் கங்கை அமரன். தானே எழுதிய வசனம், தன் முகம், ஆனால் குரல் மட்டும் இன்னொருவருடையது.

இதில் எனக்குப் பிடித்த விஷயம் அடுத்து நடந்தது. அதே 1979-ல் 'சுவரில்லாத சித்திரங்கள்' மூலம் இயக்குநர் ஆகிறார். அதற்கு இசை, குரல் கொடுத்த அதே கங்கை அமரன். 1980-ல் தானே இயக்கி நாயகனாக நடித்த 'ஒரு கை ஓசை' வருகிறது. அதில் அவருக்கு வாய் பேச முடியாத பாத்திரம். வேண்டுமென்றே செய்தாரா என்று கேட்காதீர்கள். ஆனால் குரல் சரியில்லை என்று ஒதுக்கப்பட்ட ஒருவர் அடுத்த வருஷமே ஊமையாக நடித்து ஒரு முழுப் படத்தை நகர்த்திக் காட்டினார் என்றால் ரசிக்காமல் இருக்க முடியுமா? அதன் பிறகு அந்தக் கரகரத்த, கொஞ்சம் மூக்கால் வரும் குரலைத்தான் ஊரெல்லாம் மிமிக்ரி செய்தது.

நான் ஒண்ணுகூட பார்த்ததில்லை. எந்தப் படத்துல ஆரம்பிக்கலாம்?

'இன்று போய் நாளை வா'. மூன்று நண்பர்கள், எதிரே குடிவந்த ஒரு பெண், அவளாக ராதிகா. அவள் மனசைப் பிடிக்க மூவரும் அவள் வீட்டு ஆட்களை ஆளுக்கொருவராகப் பிடிக்கிறார்கள். அப்பாவிடம் இந்தி படிக்கப் போனவன் ஒரு வாக்கியத்தை வாயில் நுழைக்க முடியாமல் 'ரகு தாத்தா' ஆக்கும் இடத்தில் எங்கள் மாடியில் ஒரு பாட்டி சிரித்துச் சிரித்து நாற்காலியோடு சாய்ந்துவிட்டார். அந்தப் படம் வந்தது 1981-ல். மாடியில் சிரித்த பாதிப் பேர் அப்போது பிறக்கவில்லை.

அதற்கு அடுத்து 'முந்தானை முடிச்சு', மூன்றாவதாக 'அந்த 7 நாட்கள்'. 'சின்ன வீடு' படத்தில் தயவுசெய்து ஆரம்பிக்காதீர்கள். காரணத்தைப் பின்னால் சொல்கிறேன்.

அவர் என்ன அப்படி பெரிய நடிகர்? ஆடத் தெரியாது, சண்டை போடத் தெரியாது, சோடாபுட்டி கண்ணாடி வேற.

ஆடத் தெரியாதுதான். அந்த உடற்பயிற்சி மாதிரியான ஆட்டத்தை அவரே கிண்டல் செய்துகொள்வார். சண்டையும் சுமார்தான். ஆனால் எழுதுபவர் அவரே என்பதால் இந்தப் பலவீனங்களுக்கு ஏற்றபடி பாத்திரத்தை வெட்டித் தைத்துக்கொள்வார். ரஜினியும் கமலும் கொடி நாட்டியிருந்த காலத்தில், கண்ணாடி போட்டு, சட்டையை இன் பண்ணாமல், பெண்ணைப் பார்த்தால் எச்சில் விழுங்கும் ஒருவனை நாயகனாக நிறுத்தினார். பக்கத்து போர்ஷன்காரர் மாதிரி இருந்ததால்தான் ஜனங்களுக்குப் பிடித்தது.

அப்பாவி முகம் என்றே முத்திரை விழுந்துவிட்டது. ஆனால் 'விடியும் வரை காத்திரு' பாருங்கள். அதே முகத்தை வைத்துக்கொண்டு மனைவியைக் கொல்லத் திட்டம் போடும் கணவனாக வருவார். அந்தக் கண்ணாடிக்குப் பின்னால் இருக்கும் கண் அப்போது வேறு மாதிரி தெரியும். 'முந்தானை முடிச்சு' படத்துக்குச் சிறந்த நடிகருக்கான பிலிம்ஃபேர் விருதும் வாங்கியிருக்கிறார்.

'திரைக்கதை மன்னன்'னு சொல்றாங்களே, கதையும் திரைக்கதையும் ஒண்ணுதானே?

அதிகமாகக் கேட்கப்பட்ட கேள்வி இதுதான். டைட்டில் கார்டில் 'கதை, திரைக்கதை, வசனம், இயக்கம்' என்று ஒரே மூச்சில் வருவதால் எல்லாம் ஒன்று என்று தோன்றுகிறது. கதை என்பது பாட்டி நான்கு வரியில் சொல்லிவிடுவது. எதை முதலில் காட்டுவது, எதை மறைப்பது, எது யாருக்கு எப்போது தெரிய வேண்டும் என்ற கணக்குதான் திரைக்கதை.

'முந்தானை முடிச்சு'வை எடுத்துக்கொள்வோம். கதை இவ்வளவுதான்: மனைவியை இழந்து கைக்குழந்தையோடு கிராமத்துக்கு வரும் வாத்தியாரை ஒரு வாலுப்பெண் கட்டாயப்படுத்திக் கட்டிக்கொள்கிறாள். இனி திரைக்கதைக்கு வாருங்கள். முதலில் அந்தப் பரிமளம் (ஊர்வசி) பொடியன்களைக் கூட்டிக்கொண்டு ஊரெல்லாம் ஏமாற்றுவதைக் காட்டிக் காட்டிச் சிரிக்கவைக்கிறார். பொய் சொல்வது அவளுக்கு விளையாட்டு என்று நாம் பழகிவிடுகிறோம். பிறகு பஞ்சாயத்து. வாத்தியார் தன்னைக் கெடுத்துவிட்டார் என்கிறாள். நிரூபி என்றால், அவருடைய குழந்தையையே தரையில் கிடத்தித் தாண்டிச் சத்தியம் செய்கிறாள். அதே பொய்தான், ஆனால் இந்த முறை யாருக்கும் சிரிப்பு வருவதில்லை. எங்கள் மாடியில் அந்த இடத்தில் முறுக்கு கடிக்கும் சத்தம்கூட நின்றுபோனது.

இப்போது நமக்கு உண்மை தெரியும், வாத்தியாருக்குத் தெரியும், ஊருக்குத் தெரியாது. அவர் தாலி கட்டியே ஆக வேண்டும். எந்தக் குழந்தையின் மேல் பொய்ச் சத்தியம் செய்தாளோ அந்தக் குழந்தைக்கே அவள் தாயாக வேண்டும், அதை அவர் நம்பவும் வேண்டும். கடைசியில் தனக்கென்று பிள்ளையே வேண்டாம் என்று அவள் ஆபரேஷனுக்குத் துணிவதற்கான விதை அந்தத் தாண்டலிலேயே போடப்பட்டுவிட்டது. நான்கு வரிக் கதை இரண்டரை மணி நேரம் தாக்குப்பிடித்தது இந்தக் கணக்கால்தான். 1983-ல் ஏவி.எம். தயாரிப்பாக வந்து வெள்ளி விழா கண்டது. தமிழில் ஊர்வசிக்கு நாயகியாக முதல் படம்.

அந்த 7 நாட்கள் கிளைமாக்ஸ் பார்த்தா இப்ப கோபம்தான் வருது. வெறும் தாலி சென்டிமென்ட்தானே அண்ணா?

கோபம் நியாயம்தான். படத்தைப் பார்க்காதவர்களுக்காக: வசந்தியை (அம்பிகா) அவள் விருப்பமில்லாமல் டாக்டர் ஆனந்துக்கு (ராஜேஷ்) கட்டிவைக்கிறார்கள். அவள் சாகத் துணிகிறாள். காப்பாற்றிய ஆனந்த், மரணப் படுக்கையில் இருக்கும் தன் அம்மாவுக்காக ஒரு வாரம் மட்டும் பொறுத்துக்கொள், பிறகு உன் காதலனிடமே சேர்க்கிறேன் என்கிறார். காதலன் பாலக்காட்டு மாதவன், அதாவது பாக்யராஜ். ஆர்மோனியப் பெட்டியோடும் 'ஆசானே ஆசானே' என்று கூப்பிடும் ஒரு சிறுவனோடும் சினிமா வாய்ப்புத் தேடி மெட்ராஸ் வந்தவன். கடைசியில் கணவன் தேடிப்பிடித்துக் கொடுத்தும் மாதவன் அவளை ஏற்காமல், கணவனோடு வாழச் சொல்லிவிட்டுப் போகிறான்.

அந்த முடிவு எனக்கும் உடன்பாடில்லை. ஆனால் 'வெறும் சென்டிமென்ட்' என்பதை ஒப்புக்கொள்ள மாட்டேன். படம் எங்கே தொடங்குகிறது பாருங்கள்: கல்யாணத்தில். நாயகன் உள்ளே வரும் முன்பே நாயகி இன்னொருவர் மனைவி. அந்த இன்னொருவர் வில்லனாக இருந்தால் வேலை சுலபம். பாக்யராஜ் அவரைப் படத்திலேயே ஆக நல்ல மனிதராக எழுதியிருக்கிறார். யார் பக்கம் நிற்பது என்று தெரியாமல் பார்ப்பவர்தான் தவிக்கிறார். வசந்திக்கு என்ன வேண்டும் என்று கடைசி ரீலில் யாருமே முழுதாகக் கேட்பதில்லை, அதுதான் படத்தின் ஓட்டை. அந்த ஓட்டையைப் பற்றி நாற்பது வருஷத்துக்கு மேல் சண்டை நடக்கிறது, எங்கள் மாடியில் போன முறை ராத்திரி பன்னிரண்டு மணிவரை நடந்தது.

முருங்கைக்காய் மேட்டர் பத்திக் கேட்கலாமா? இரட்டை அர்த்தம்தானே அவர் ஸ்பெஷல்?

கேட்கலாம். 'முந்தானை முடிச்சு' வந்த பிறகு கல்யாண வீட்டில் முருங்கைக்காய் சாம்பார் பரிமாறுபவரும் சிரித்தார், சாப்பிடுபவரும் சிரித்தார். ஒரு காய்கறிக்கு அவ்வளவு விளம்பரம் அதற்கு முன்னும் இல்லை, பின்னும் இல்லை. அந்தக் காட்சிகளில் கணவன் மனைவியைத் தாண்டி யாரும் இல்லை. விலகி நிற்கும் கணவனை மடக்கப் பார்க்கும் மனைவி, சாப்பாட்டுத் தட்டைப் பார்த்து உஷாராகும் கணவன். பெண்கள் கூட்டம் கூட்டமாக வந்து பார்த்த படம் அது. முகம் சுளித்திருந்தால் வந்திருக்க மாட்டார்கள்.

எல்லா இடத்திலும் இந்தச் சமாதானம் செல்லாது. 'சின்ன வீடு' (1985) படத்தில் பருமனான மனைவியைப் பிடிக்காமல் கணவன் வெளியே போகிறான். மனைவியாக வரும் கல்பனாதான் படத்தைத் தாங்குகிறார், கணவனும் கடைசியில் திருந்துகிறான். ஆனாலும் அதற்குள் அவள் உடம்பை வைத்து அடிக்கும் கிண்டல் இன்று என் வீட்டுப் பெண்களோடு உட்கார்ந்து பார்க்கும்படி இல்லை. அதற்கு நேர்மாறானது 'மௌன கீதங்கள்'. ஒருமுறை தவறிய கணவனை மனைவி (சரிதா) விவாகரத்தே செய்துவிடுகிறாள். 1981-ல் எடுத்த படம் அது. தவறியவன் தரப்பை எழுதிக்கொண்டே அவள் கோபத்துக்கும் முழு எடை கொடுத்திருக்கிறார். இரண்டையும் எழுதியது ஒரே கைதான், என்ன செய்ய.

எல்லாமே அவரோட சொந்தக் கதையா? ஒரு படம் கன்னடத்துல இருந்து எடுத்ததுன்னு படிச்சேன்.

'எங்க சின்ன ராசா'வைச் சொல்கிறீர்கள். உண்மைதான். அதன் மூலம் 1969-ல் வந்த கன்னடப் படம், அதற்கும் மூலம் ஒரு கன்னட நாவல். பாக்யராஜ் 1987-ல் அதைத் தன் பாணிக்கு மாற்றினார். அதிலிருந்து இந்தியில் அனில் கபூர், மாதுரி தீட்சித் நடித்த 'பேட்டா' 1992-ல் வந்தது. கதைக்கும் திரைக்கதைக்கும் உள்ள வித்தியாசத்தை மேலே சொன்னேனே, அதற்கு இன்னொரு உதாரணமாக வைத்துக்கொள்ளுங்கள்.

இந்தியிலயும் பண்ணியிருக்காராமே?

இரண்டு விதமாக. ஒன்று, அவர் படங்களை வாங்கிக்கொண்டு போனார்கள். 'அந்த 7 நாட்கள்' அங்கே 1983-ல் 'வோ சாத் தின்' ஆனது. அனில் கபூருக்கு நாயகனாக நல்ல தொடக்கம் கொடுத்தது, கணவர் வேடத்தில் நசீருத்தீன் ஷா. 'முந்தானை முடிச்சு' ராஜேஷ் கன்னா, ஸ்ரீதேவியோடு 'மாஸ்டர்ஜி' ஆனது. 'சுந்தர காண்டம்' கூட 'அந்தாஸ்' ஆனது.

இரண்டாவது விதம் பெரிசு. பாரதிராஜா இயக்கத்தில் கமல் நடித்த 'ஒரு கைதியின் டைரி' (1985) பாக்யராஜ் எழுதியது. அதை இந்தியில் 'ஆக்ரீ ராஸ்தா' (1986) என்று அமிதாப் பச்சனை வைத்து அவரே இயக்கினார். அதில் அவர் நடிக்கவில்லை. தன் முகம் இல்லாமலும் தன் எழுத்து நிற்கும் என்று காட்டியதால் அவர் பயணத்தில் நான் அதிகம் மதிக்கும் படம் அதுதான்.

'இது நம்ம ஆளு' டைட்டில்ல டைரக்‌ஷன் பாலகுமாரன்னு வருது. அப்ப அது பாக்யராஜ் படம் இல்லையா?

இயக்கம் என்ற இடத்தில் எழுத்தாளர் பாலகுமாரன் பெயர்தான் இருக்கிறது. திரைக்கதை பாக்யராஜ், நாயகன் பாக்யராஜ், ஆச்சரியமாக இசையும் பாக்யராஜ். முடிதிருத்துபவரின் மகன் பிராமணப் பையனாக ஒரு அக்கிரகார வீட்டுக்குள் நுழைகிற கதை. 1988-ல் சாதியை வைத்து இப்படிச் சிரிக்கவைத்ததற்கு ஒரு தைரியம் வேண்டும். பாலகுமாரன் பெயர் இருக்கட்டும், ஒவ்வொரு சீனும் எங்கே திரும்புகிறது என்று பாருங்கள், யார் கை என்று தெரியும்.

எம்.ஜி.ஆர். இவரை வாரிசுன்னு சொன்னாராமே, அரசியல்லயா?

கலையுலக வாரிசு என்றார். எம்.ஜி.ஆர். மறைந்த பிறகு, 1989-ல், பாக்யராஜ் 'எம்.ஜி.ஆர். மக்கள் முன்னேற்றக் கழகம்' என்று கட்சி தொடங்கினார். நிலைக்கவில்லை. அதைவிட அவர் எம்.ஜி.ஆருக்குச் செய்த ஒரு சினிமா வேலைதான் சுவாரஸ்யம்.

எம்.ஜி.ஆர். முதலமைச்சர் ஆனதால் ஸ்ரீதர் இயக்கத்தில் பாதியில் நின்றுபோன படம் 'அண்ணா நீ என் தெய்வம்'. அந்த ரீல்களை எடுத்து, அவற்றைச் சுற்றிப் புதிதாகக் கதை பின்னி, 1990-ல் 'அவசர போலீஸ் 100' எடுத்தார். நாயகன் உயிரோடு இல்லை, ஒரு ஷாட் கூடுதலாக எடுக்க முடியாது, இருக்கும் வசனத்தை மாற்ற முடியாது. கிழிந்த புடவையை வைத்துக்கொண்டு பாவாடை தைப்பது மாதிரியான வேலை. படம் பார்க்கும்போது தையல் அங்கங்கே தெரியும். ஆனாலும் திரைக்கதை படிக்கிறவர்கள் ஒருமுறை அந்தத் தையலையே பார்க்க வேண்டும்.

பார்த்திபன், பாண்டியராஜன் எல்லாம் இவர் ஆட்களா?

ஆமாம். இருவரும் இவரிடம் உதவியாளர்கள். சிவாஜி நடித்த 'தாவணிக் கனவுகள்' படத்தில் பார்த்திபன் ஒரு சின்ன வேடத்தில் வருவார், கண்டுபிடியுங்கள். பாண்டியராஜன் 1985-லும் பார்த்திபன் 1989-லும் இயக்குநர் ஆனார்கள். இருவருமே எழுதி, இயக்கி, தாங்களே நடித்தார்கள், வழக்கமான நாயக முகமும் இருவருக்கும் இல்லை. பாரதிராஜா பள்ளியிலிருந்து இயக்குநர்கள் நிறைய வந்தார்கள். இந்த மூன்று வேலையையும் சேர்த்துச் செய்யும் ரகம் பாக்யராஜ் வீட்டுக் கிளை.

அப்படிப்பட்டவர் படம் அப்புறம் ஏன் ஓடலை?

1992-ல் கூட 'சுந்தர காண்டம்', 'ராசுக்குட்டி' என்று இரண்டு நல்ல படங்கள் தந்தார். பிறகு இடைவெளி விழுந்தது. 2003-ல் விஜயகாந்த்தை வைத்து 'சொக்கத்தங்கம்', 2006-ல் மகள் சரண்யாவை வைத்து 'பாரிஜாதம்', 2010-ல் சாந்தனுவோடு 'சித்து ப்ளஸ் 2'.

என் அபிப்பிராயம் இது. 1981-ஐப் பாருங்கள்: 'மௌன கீதங்கள்', 'இன்று போய் நாளை வா', 'விடியும் வரை காத்திரு', 'அந்த 7 நாட்கள்'. ஒரே வருஷத்தில் நான்கு, நான்கும் நான்கு ஜாதி. அப்போது அவர் எழுதிய வீட்டில் வாடகை போர்ஷன் இருந்தது, பொதுக் குழாய் இருந்தது, ஒட்டுக்கேட்கும் பக்கத்து வீடு இருந்தது. அந்த வீடு மாறிய பிறகு, ரகசியம் கசியும் அந்த ஜன்னல்கள் அவருக்குக் கிடைக்கவில்லை. அவர் நடிக்கும் வயதும் தாண்டியது. தனக்காகவே பாத்திரம் தைத்துப் பழகிய கைக்கு இன்னொருவர் அளவு எடுப்பது சிரமம். அளவு சரியாக அமைந்தது 'ஆக்ரீ ராஸ்தா'வில்தான் என்பது என் எண்ணம்.

நடிகராக மட்டும் பிறர் படங்களில் தொடர்ந்தார். மிஷ்கினின் 'துப்பறிவாளன்' (2017) படத்தில் வில்லன் கூட்டத்து ஆளாக, கிட்டத்தட்டப் பேசாமலே பயமுறுத்துவார். 'ஒரு கை ஓசை' ஞாபகம் வந்தது எனக்கு.

சர்கார் பட விவகாரத்துல இவர் ஏன் மாட்டிக்கிட்டார்?

2018-ல் தென்னிந்தியத் திரைப்பட எழுத்தாளர் சங்கத்துக்கு அவர் தலைவர். தான் பதிவுசெய்து வைத்த கதைதான் 'சர்கார்' என்று ஓர் உதவி இயக்குநர் புகார் கொடுத்தார். இரண்டு கதைகளின் கருவும் ஒன்றுதான் என்று சங்கம் சொன்னது. எதிர்ப்பக்கம் விஜய், ஏ.ஆர். முருகதாஸ், சன் பிக்சர்ஸ். கடைசியில் சமரசம் ஆனது. இதற்கிடையில் படத்தின் கதையை வெளியே பேசிவிட்டார் என்று அவர் மேலும் விமர்சனம் வந்தது. வருத்தம் தெரிவித்தார், ராஜினாமா கடிதமும் கொடுத்தார், சங்கம் ஏற்கவில்லை. கதையைச் சொன்னது தவறுதான். ஆனால் அவ்வளவு பெரிய படத்துக்கு எதிரே ஒரு உதவி இயக்குநர் பக்கம் கையெழுத்துப் போட்டதும் அதே ஆள்.

அடுத்த மாசம் என்ன படம் அங்கிள்?

'தூறல் நின்னு போச்சு'. வாழ்நாளெல்லாம் எம்.ஜி.ஆரிடம் அடிவாங்கிய நம்பியாரை நல்லவராகவும், அதுவும் சிரிக்கவைக்கும் வாத்தியாராகவும் பார்க்கலாம். ஏழரைக்கு ஆரம்பம், பாய் கொண்டுவாருங்கள். வேட்டியில் போன முறை ரசம் கொட்டியவர் துவைத்துக் கொடுக்க வேண்டும், பெயர் சொல்லவில்லை.